ஐம்பத்தெட்டுப் பக்க வாதம்: ‘டச் ஆஃப் ஈவில்’ உருவான வரலாறு

அமெரிக்கத் திரைப்பட வரலாற்றில் ‘ஃபிலிம் நுவார்’ என்று வழங்கப்படும் படவகைக்கு அப்பெயரைச் சூட்டியவர்கள் அமெரிக்கர்கள் அல்லர். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் பிரான்சுக்கு வராமல் தடைபட்டிருந்த ஹாலிவுட் படங்கள் போர் முடிந்தபின் ஒருசேரப் பாரிஸ் திரையரங்குகளை அடைந்தபோது, அவற்றுள் சில குற்றக்கதைப் படங்கள் முன்பில்லாத ஓர் இருண்ட மனநிலையைக் கொண்டிருப்பதைக் கண்ட விமர்சகர் நினோ ஃபிராங்க் 1946இல் இப்பெயரை எடுத்தாண்டார். இரவுநேர நகரம், ஆழ்ந்த நிழல்கள், நேர்மையும் குற்றமும் ஒரே ஆளிடம் கலந்து கிடக்கும் பாத்திரங்கள், விலகிச் செல்ல வழிவிடாத விதி ஆகியவை இவ்வகையின் பொது இயல்புகளாகக் கொள்ளப்படுகின்றன. ஜான் ஹூஸ்டனின் ‘தி மால்டீஸ் ஃபால்கன்’ (1941) தொடங்கி ஆர்சன் வெல்ஸின் ‘டச் ஆஃப் ஈவில்’ (1958) வரையிலான ஆண்டுகளை இதன் செவ்வியல் காலமாக வரையறுப்பது வழக்கம். பின்னாளில் இயக்குநராகவும் திரைக்கதை ஆசிரியராகவும் புகழ்பெற்ற பால் ஷ்ரேடர் 1972இல் எழுதிய கட்டுரை இந்த எல்லைக்கோடு நிலைபெறப் பெரிதும் காரணமாக இருந்தது.

அக்காலத்தின் கடைசியில் வந்த ‘டச் ஆஃப் ஈவில்’ படத்தின் வரலாறு, மேதை ஒருவரை வணிகர்கள் வதைத்த கதையாகவே பெரும்பாலும் சொல்லப்பட்டு வந்திருக்கிறது. ஆவணங்களை வரிசைப்படுத்திப் பார்க்கும்போது கிடைக்கும் சித்திரம் இதிலிருந்து சற்று வேறுபட்டது. படப்பிடிப்பு ஒழுங்காகவே நடந்தது. சிக்கல் படத்தொகுப்பு அறையில்தான் தொடங்கியது. ஸ்டுடியோ சில காட்சிகளை நீக்கியதோடு நில்லாமல், எஞ்சியவற்றின் வரிசையையும் ஒலியையும் மாற்றியமைத்தது. அந்த மாற்றங்களை மறுத்து வெல்ஸ் எழுதிய 58 பக்கக் குறிப்பு, ஒரு படத்தின் கலை அதன் காட்சிகளில் எவ்வளவு இருக்கிறதோ அதே அளவு அக்காட்சிகள் அடுக்கப்படும் முறையிலும் இருக்கிறது என்பதைத் தொழில்முறை நுணுக்கத்தோடு எடுத்துரைக்கும் அரிய ஆவணமாகும். அக்குறிப்பின் வழியாகப் பார்த்தால்தான் இப்படத்தின் தொல்லைகளும் தகுதியும் ஒரே கேள்வியின் இரு பக்கங்கள் என்பது விளங்கும்.

வெல்ஸ் ஹாலிவுட்டுக்குத் திரும்பியது

1915இல் பிறந்த வெல்ஸ், தமது 25ஆம் வயதில் ஆர்கேஓ ஸ்டுடியோவுக்காக ‘சிட்டிஸன் கேன்’ (1941) படத்தை முழு உரிமையுடன் எடுத்தவர். அடுத்த படத்திலேயே அந்த உரிமையை இழந்தவர். ‘தி மேக்னிஃபிசென்ட் ஆம்பர்சன்ஸ்’ (1942) படத்தின் தொகுப்பு நடந்துகொண்டிருந்தபோது அவர் வேறொரு படத்துக்காகப் பிரேசிலில் இருந்தார்; அந்த இடைவெளியில் ஸ்டுடியோ 131 நிமிடப் படத்தை 88 நிமிடமாகக் குறைத்து, முடிவையும் மாற்றி, வெட்டிய பகுதிகளின் நெகட்டிவையும் அழித்துவிட்டது. அதன்பின் அவர் எடுத்த அமெரிக்கப் படங்களில் பெரும்பாலானவை வசூலில் சோபிக்கவில்லை என்பதோடு, எடுத்ததை முடிக்காதவர், செலவை மீறுபவர் என்ற பெயரும் அவரோடு ஒட்டிக்கொண்டது. 1940களின் இறுதியில் ஐரோப்பாவுக்குச் சென்ற அவர், நடித்துச் சம்பாதித்த பணத்தைப் போட்டு விட்டுவிட்டு எடுத்த ‘ஒதெல்லோ’ 1952இல் கான் திரைப்பட விழாவின் உயரிய பரிசைப் பெற்றது. ஆயினும் 1950களின் நடுவில் அமெரிக்கா திரும்பியபோது அவருக்குக் கிடைத்தது நடிகர் வேலைதான்.

அந்த வேலையைத் தந்தவர்களில் ஒருவர் யுனிவர்சல்-இன்டர்நேஷனல் ஸ்டுடியோவின் தயாரிப்பாளர் ஆல்பர்ட் ஸக்ஸ்மித். அவர் கையிலிருந்த கதைகளில் ஒன்று, விட் மாஸ்டர்ஸன் என்ற புனைபெயரில் ராபர்ட் வேட், பில் மில்லர் என்னும் இருவர் சேர்ந்து எழுதி 1956இல் வெளிவந்த ‘பேட்ஜ் ஆஃப் ஈவில்’ நாவல். பால் மோனாஷ் அதற்கு முதல் திரைக்கதையை எழுதியிருந்தார். வெல்ஸ் இதன் இயக்குநரானது எவ்வாறு என்பதில் இரண்டு கூற்றுகள் உள்ளன. 1956இல் வெளிவந்த ‘தி டென் கமாண்ட்மென்ட்ஸ்’ படத்தில் மோசேயாக நடித்துப் பெரும்புகழ் பெற்றிருந்த சார்ல்டன் ஹெஸ்டனை ஸ்டுடியோ அணுகி, எதிர்நாயகனாக வெல்ஸ் நடிக்கிறார் என்று கூறியபோது, அவரையே இயக்கவும் சொல்லலாமே என்று தாம் கேட்டதாக ஹெஸ்டன் பலமுறை எழுதியும் பேசியும் இருக்கிறார். உங்களிடமுள்ள கதைகளில் மிக மோசமானதைக் கொடுங்கள், அதை நல்ல படமாக்கிக் காட்டுகிறேன் என்று வெல்ஸ் கேட்டு வாங்கிக்கொண்டதாக ஸக்ஸ்மித் கூறினார். எது உண்மையாயினும், முதல்நிலை நடிகர் ஒருவரின் விருப்பத்தைத் தட்டிக்கழிக்க முடியாத நிலையில், நடிப்புக்குப் பேசிய ஊதியத்துக்குமேல் இயக்கத்துக்கெனத் தனியாகப் பணம் கேட்காத வெல்ஸிடம் ஸ்டுடியோ படத்தை ஒப்படைத்தது.

கதையின் மறுவடிவம்

சில வாரங்களில் வெல்ஸ் திரைக்கதையை முழுமையாகத் திருத்தி எழுதினார். நாவலின் நாயகன் மெக்சிகோப் பெண்ணை மணந்த அமெரிக்க அரசு வழக்கறிஞன். வெல்ஸ் இதைத் தலைகீழாக்கி, நாயகனை மிகேல் வார்காஸ் என்னும் மெக்சிகோவின் போதைப்பொருள் தடுப்பு அதிகாரியாகவும், அவனுடைய புதுமனைவி சூசனை அமெரிக்கப் பெண்ணாகவும் மாற்றினார். கதைக்களத்தையும் தெற்குக் கலிபோர்னியாவிலிருந்து இரு நாடுகளின் எல்லை ஊடே செல்லும் லாஸ் ரோப்ளஸ் என்ற கற்பனை ஊருக்குக் கொண்டுபோனார். எல்லையில் ஒரு கார் வெடிகுண்டால் சிதறுகிறது. விசாரிக்க வரும் அமெரிக்கக் காவல் அதிகாரி ஹாங்க் குவின்லன், தன் உள்ளுணர்வு குற்றவாளி என்று காட்டும் ஆள்மீது பொய்ச்சான்றைத் தானே வைத்து வழக்கை முடிப்பவன் என்பதை வார்காஸ் கண்டுபிடிக்கிறான். அதை மறைக்க குவின்லன் உள்ளூர்க் கள்ளக்கும்பலின் தலைவன் கிராண்டியோடு சேர்ந்து வார்காஸின் மனைவியைப் போதை வழக்கில் சிக்கவைக்கிறான். இவ்வளவே கதை.

இந்த மாற்றத்துக்குப் பின்னால் வெல்ஸின் பழைய பொதுவாழ்க்கை இருந்தது. 1942இல் லாஸ் ஏஞ்சல்ஸில் மெக்சிகோ வம்சாவளி இளைஞர்கள் பலர் போதிய சான்றின்றிக் கொலைக்குற்றம் சாட்டப்பட்ட ஸ்லீப்பி லகூன் வழக்கில், அவர்களுக்காக வாதாடிய குழு வெளியிட்ட சிறுநூலுக்கு அவர் முன்னுரை எழுதியிருந்தார். போரிலிருந்து வீடு திரும்பிக்கொண்டிருந்த ஐசக் வுடார்ட் என்ற கறுப்பினப் படைவீரரைத் தென்மாநிலக் காவல் அதிகாரி ஒருவர் அடித்துக் கண்களைக் குருடாக்கிய செய்தியை, 1946இல் தம் வானொலி உரைகளில் வாரந்தோறும் எடுத்துப் பேசி, குற்றம் செய்தவரின் பெயர் வெளிப்படும்வரை விடாமல் தொடர்ந்தவரும் அவரே. காவல் அதிகாரம் சட்டத்தை மீறும்போது என்ன நேர்கிறது என்ற கேள்வி, ஆகவே, அவருக்கு மலிவு நாவலிலிருந்து கிடைத்த சரக்கு அன்று. பத்தாண்டுகளுக்கு மேலாக அவர் சுமந்துவந்த அக்கறை.

இதே இடத்தில் படத்தின் மறுக்கமுடியாத குறையும் இருக்கிறது. இனவெறுப்பைக் கண்டிக்கும் படத்தில் மெக்சிகோ நாயகனாகத் தோன்றுபவர் தோலுக்குப் பழுப்பு நிறம் பூசிக்கொண்ட வெள்ளை நடிகர். சூசனைச் சூழ்ந்து அச்சுறுத்தும் இளைஞர் கூட்டமும் எல்லைப்புற மக்களைப் பற்றி அன்று நிலவிய அச்சத்தையே பயன்படுத்திக்கொள்கிறது. அக்கால ஹாலிவுட்டின் நடிகர் தேர்வு முறை இதை இயல்பாகவே எடுத்துக்கொண்டது என்பது விளக்கமாகுமேயன்றி நியாயமாகாது.

படப்பிடிப்பு

1957 பிப்ரவரி 18 அன்று தொடங்கிய படப்பிடிப்பு ஏப்ரல் 2 அன்று முடிந்தது. செலவு ஒன்பது லட்சம் டாலருக்கும் குறைவு. முதல் நாளைப் பற்றி ஹெஸ்டன் பதிவு செய்திருப்பது வெல்ஸின் உத்தியை நன்கு காட்டுகிறது. குற்றம்சாட்டப்படும் இளைஞன் சான்செஸின் குடியிருப்பில் நடக்கும் விசாரணைக் காட்சியை எடுத்துக்கொண்ட வெல்ஸ், பகல் முழுவதும் நடிகர்களையும் கேமராவையும் ஒத்திகை பார்த்துக்கொண்டே இருந்தார்; ஃபிலிம் ஓடாததைக் கண்டு ஸ்டுடியோ அதிகாரிகள் கவலையோடு தளத்தின் ஓரத்தில் கூடத் தொடங்கினர்; இருட்டியபின் பல நாள் வேலையாகத் திட்டமிடப்பட்டிருந்த பக்கங்கள் அனைத்தையும் நீண்ட ஒரே ஷாட்டில் முடித்துவிட்டார். அதன்பின் அதிகாரிகளின் கண்காணிப்பு தளர்ந்தது. ஊதாரி என்ற பெயரைப் பொய்யாக்க அவர் கண்ட வழி இது என்பது தெளிவு.

மெக்சிகோ எல்லைக்குப் போக ஸ்டுடியோ ஒப்பவில்லை. எனவே எல்லை ஊராக உருமாறியது லாஸ் ஏஞ்சல்ஸின் கடற்கரைப் பகுதியான வெனிஸ். ஆபட் கின்னி என்ற செல்வர் இத்தாலிய வெனிஸைப் போன்ற கால்வாய்களும் தூண்வரிசை மண்டபங்களுமாக 1905இல் அமைத்த இந்த உல்லாச நகரம், 1930 வாக்கில் எண்ணெய் கண்டறியப்பட்டபின் துரப்பண கோபுரங்கள் நிறைந்த இடமாகி, 1950களில் சிதைந்து கிடந்தது. கட்டியவரின் கனவும் பின்வந்தவர்களின் பேராசையும் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்த இடத்தில் குவின்லனின் வீழ்ச்சியைப் படமாக்கியது, செயற்கைத் தளம் எதிலும் கிடைத்திராத பொருளைப் படத்துக்குக் கொடுத்தது. இரவிலேயே பெரும்பாலும் வேலை செய்ததால் ஸ்டுடியோ அலுவலர்கள் அங்கு வருவதும் குறைந்தது.

சூசனாக நடித்த ஜேனட் லீக்குப் படப்பிடிப்பு தொடங்கும் முன் கை முறிந்திருந்தது. மாவுக்கட்டைத் துணியாலும் கேமராக் கோணத்தாலும் மறைத்து, தவிர்க்கமுடியாத இடங்களில் கட்டைக் கழற்றி மாட்டிப் படமெடுத்தனர். விடுதி நடத்தும் தான்யாவாக மார்லீன் டீட்ரிச் ஒரே இரவில் நடித்துக் கொடுத்தார். வெல்ஸின் பழைய தோழர்கள் ஜோசப் காட்டன், மெர்சிடிஸ் மெக்கேம்பிரிட்ஜ் போன்றோர் சிறு வேடங்களுக்கு வந்தனர். 41 வயதுக்காரரான வெல்ஸ், பொய் மூக்கும் உடலைப் பருக்கவைக்கும் திணிப்புகளும் அணிந்து, மூப்பாலும் மிகையுணவாலும் உப்பிப்போன குவின்லனாக மாறினார். ‘தி ஸ்ட்ரேஞ்சர்’ (1946) படத்தில் அவரோடு வேலைசெய்த ரஸ்ஸல் மெட்டி ஒளிப்பதிவாளர்.

கேமராவின் சாட்சியம்

படத்தின் முதல் ஷாட் திரைப்பட வரலாற்றில் மிக அதிகமாகப் பேசப்பட்டவற்றுள் ஒன்று. ஒரு கை வெடிகுண்டின் நேரத்தை முடுக்கி, நின்றிருக்கும் காரின் பின்பெட்டியில் அதை வைக்கிறது. கார் புறப்பட, கிரேன்மேல் ஏறிய கேமரா கட்டடங்களின் கூரைக்குமேல் எழுந்து, தெருக்களைக் கடந்து, காருக்கு அருகே நடந்துசெல்லும் வார்காஸையும் சூசனையும் பிடித்துக்கொண்டு, எல்லைச் சாவடிவரை பின்வாங்கிச் செல்கிறது. கார் சட்டகத்தை விட்டுப் போனபின், இருவரும் முத்தமிடும் கணத்தில் வெடிச்சத்தம் கேட்கிறது. மூன்று நிமிடத்துக்குச் சற்று மேல் நீளும் இதில் ஒரு வெட்டுகூட இல்லை. வெட்டுகளால் நேரத்தைச் சுருக்கவோ நீட்டவோ முடியும். வெட்டே இல்லாதபோது திரையின் நேரமும் குண்டின் நேரமும் ஒன்றாகிவிடுவதால், பார்வையாளர் வெடிப்பைக் கணக்கிட்டுக் காத்திருக்க வேண்டியவராகிறார். எல்லையின் இரு பக்கத்தையும் ஒரே அசைவில் இணைப்பதால், அந்தக் கோடு எவ்வளவு மெல்லியது என்பதும் சொல்லாமலே சொல்லப்படுகிறது.

இதைவிட நுட்பமானது சான்செஸ் குடியிருப்புக் காட்சி. நெருக்கடியான அறைகளில் பலர் உள்ளே வருவதும் வெளியே போவதுமாக இருக்க, கேமரா வெட்டின்றி அவர்களைத் தொடர்கிறது. இடையில் வார்காஸ் குளியலறைக்குச் செல்கையில் அங்கிருந்த ஒரு காலி அட்டைப்பெட்டி அவன் கைபட்டு விழுகிறது. பிறகு அவன் தொலைபேசியில் பேச வெளியே போய்த் திரும்புவதற்குள், அதே பெட்டியில் டைனமைட் இருந்ததாகக் குவின்லனின் உதவியாளன் மென்ஸிஸ் கண்டெடுக்கிறான். வெட்டப்படாத ஷாட் இங்கே அழகுக்காக வந்ததன்று. பெட்டி காலியாக இருந்ததற்குப் பார்வையாளரைச் சாட்சியாக்குகிறது. பொய்ச்சான்று, கேமரா அறையை விட்டு விலகிய இடைவெளியில்தான் நுழைகிறது. புனையப்பட்ட சான்றைப் பற்றிய படத்தில், நீண்ட ஷாட் மெய்ச்சான்றாகவும் வெட்டு ஐயத்துக்கு இடமாகவும் அமைந்திருப்பது இயக்குநரின் திட்டமிட்ட பொருத்தம் என்றே கொள்ளவேண்டும்.

வெல்ஸ் விரும்பிப் பயன்படுத்திய 18.5 மில்லிமீட்டர் அகலக்கோண லென்ஸ், அதாவது கண்ணின் இயல்பான பார்வையைவிடப் பரந்த வெளியைப் பிடித்து, அருகிலுள்ளதைப் பெருக்கியும் தொலைவிலுள்ளதைச் சுருக்கியும் காட்டும் லென்ஸ், குவின்லனின் உருவத்தை அறையை அடைக்கும் பாரமாக மாற்றியது. கையில் ஏந்தக்கூடிய சிறு கேமராவால் மின்தூக்கிக்குள்ளும் ஓடும் காரிலும் காட்சிகள் எடுக்கப்பட்டன. ஸ்டுடியோவில் நிறுத்திவைத்த காருக்குப் பின்னால் திரையில் தெருவை ஓட்டிக்காட்டும் அன்றைய வழக்கம் கைவிடப்பட்டதால், அக்காட்சிகளில் காற்றும் குலுக்கலும் மெய்யாகவே இருக்கின்றன.

இறுதிக் காட்சி ஒலியால் கட்டப்பட்டது. மென்ஸிஸ் தன் உடலில் ஒலிவாங்கியை மறைத்துக்கொண்டு குவின்லனைப் பேசவைக்க, எண்ணெய்க் கோபுரங்களிலும் கால்வாய் நீரிலும் தடுமாறியபடி வார்காஸ் ஒலிப்பதிவுக் கருவியோடு பின்தொடர்கிறான். பாலத்தின்மேல் நிற்கும் குவின்லன், கீழிருந்து தன் குரலே எதிரொலிப்பதைக் கேட்டுத் தான் காட்டிக்கொடுக்கப்பட்டதை உணர்கிறான். பிறர்மீது சான்று புனைந்தவனுக்கு எதிரான சான்று அவன் வாயிலிருந்தே வருகிறது. ஆனால் வெல்ஸ் தீர்ப்பை இத்தோடு முடிக்கவில்லை. சான்செஸ் குற்றத்தை ஒப்புக்கொண்டுவிட்டான், குவின்லனின் உள்ளுணர்வு சரியாகவே இருந்தது என்ற செய்தி கடைசியில் வருகிறது. முறை தவறியவனின் முடிவு தற்செயலாக உண்மையாயினும் முறைகேடு முறைகேடே என்ற கடினமான கருத்தை, பார்வையாளரின் அனுதாபம் மெல்லக் குவின்லன் பக்கம் சாயும் நேரத்தில் படம் முன்வைக்கிறது. 1958இல் ஆந்த்ரே பஸானும் பிறரும் கண்ட நேர்காணலில், குவின்லனிடம் அவர்கள் காட்டிய பரிவை வெல்ஸ் ஏற்கவில்லை. காவலர் சட்டத்தின் பணியாளராக இருக்கவேண்டுமேயன்றித் தாமே நீதிபதியாகக் கூடாது என்பதில் அவர் உறுதியாக நின்றார். தாம் வெறுக்கும் கொள்கையை உடையவனுக்கும் முழு மனிதத்தன்மையைக் கொடுத்தது அவருடைய கலை நேர்மை.

தொகுப்பு அறையில் நேர்ந்தது

படப்பிடிப்பு முடிந்தபின் வெல்ஸ் முதலில் வர்ஜில் வோகல், பிறகு ஆரன் ஸ்டெல் ஆகிய எடிட்டர்களோடு மாதக்கணக்கில் உழைத்தார். இரண்டு கதைகளைக் குறுக்கும் நெடுக்குமாகப் பின்னி, ஒன்று முடியும் முன்பே மற்றொன்றுக்குத் தாவும் அவருடைய அமைப்பு ஸ்டுடியோவுக்குப் பிடிபடவில்லை. கோடையில் அவர் ‘டான் கிஹோத்தே’ படத்துக்காக மெக்சிகோவுக்குச் சென்றிருந்த காலத்தில், தொகுப்புப் பிரிவின் தலைவர் எர்னஸ்ட் நிம்ஸ் படத்தைத் தம் கையில் எடுத்துக்கொண்டார். ‘ஆம்பர்சன்ஸ்’ அனுபவத்துக்குப் பிறகும் வெல்ஸ் ஊரை விட்டுப் போனது அவர் பக்கப் பிழை என்பதை அவருடைய ஆதரவாளர்களும் மறுப்பதில்லை.

ஸ்டுடியோவின் நிலையையும் கருதவேண்டும். தொலைக்காட்சியின் வரவால் திரையரங்குகளுக்கு வருவோர் குறைந்து, யுனிவர்சல் நட்டத்தில் தத்தளித்துக்கொண்டிருந்தது. 1958 இறுதியில் தன் ஸ்டுடியோ நிலத்தையே எம்சிஏ நிறுவனத்துக்கு விற்க நேர்ந்தது. எளிதில் புரியும், விரைவில் விற்கும் சரக்கே அதற்குத் தேவைப்பட்டது. கதை விளங்கவில்லை என்று கருதிய அதிகாரிகள், 1957 நவம்பரில் ஹாரி கெல்லர் என்ற இயக்குநரை வைத்து விளக்கக் காட்சிகள் சிலவற்றைப் புதிதாக எடுத்துச் சேர்த்தனர். ஹெஸ்டனும் ஜேனட் லீயும் மனமின்றி அவற்றில் நடித்தனர்.

டிசம்பர் தொடக்கத்தில் ஸ்டுடியோவின் வடிவம் வெல்ஸுக்கு ஒருமுறை போட்டுக் காட்டப்பட்டது. அந்த ஒரே பார்வையில் எடுத்த குறிப்புகளைக்கொண்டு, டிசம்பர் 5 தேதியிட்டு, 58 தட்டச்சுப் பக்கங்களை அவர் ஸ்டுடியோத் தலைவர் எட்வர்ட் முல்லுக்கு அனுப்பினார். அதன் தொனி வியப்பளிப்பது. ஏச்சும் பேச்சும் இல்லாமல், தம் சொந்த வடிவத்தை மீட்டுத்தரும்படி கேட்காமல், அவர்கள் அமைத்துள்ள வடிவத்துக்குள்ளேயே எதை எங்கே நகர்த்தினால் படம் தேறும் என்று, சக தொழிலாளிக்கு எழுதுவதுபோல் காட்சிகாட்சியாக விளக்குகிறார்.

முதல் ஷாட்டின்மேல் எழுத்துக்களை ஓட்டாமல், ஹென்றி மான்சினி அமைத்த முகப்பு இசையையும் போடாமல், கார் வானொலியிலிருந்தும் தெருவோர மதுக்கடைகளிலிருந்தும் மாறிமாறி ஒலிக்கும் இசைத்துணுக்குகளால் அதை நிரப்பவேண்டும் என்பது அவர் வேண்டுகோள்களுள் முதன்மையானது. கதைமாந்தர் காதிலும் விழும் வகையில் காட்சிக்குள்ளிருந்தே எழும் இவ்வகை இசையை, பார்வையாளருக்கு மட்டும் கேட்கும் பின்னணி இசையினின்று அவர் கவனமாகப் பிரித்தார். அந்தத் தெரு இசை ஒலிப்பதிவுக் கூடத்தின் துல்லியத்தோடு ஒலிக்கக்கூடாது, மலிவான ஒலிபெருக்கியில் ஓடவிட்டு திறந்தவெளியில் மறுபடி பதிவுசெய்யவேண்டும் என்றும் எழுதினார். வெடிப்புக்குப்பின் வார்காஸ், சூசன் இருவரின் பாதைகளையும் முழுதாகத் தனித்தனியே காட்டாமல் இடையிட்டுக் காட்டவேண்டும். இல்லையேல் புதுமணத் தம்பதியர் எல்லையால் பிரிக்கப்பட்டதன் வலி பார்வையாளரை எட்டாது என்பது மற்றொரு வாதம். ஆவணக் காப்பகக் காட்சியில் மென்ஸிஸின் முகத்தை அண்மையில் காட்டும் ஒரு ஷாட்டை மட்டும் எடுத்துவிடச் சொன்னதும் அக்குறிப்பில் உண்டு.

வேண்டுகோள்களுள் சில ஏற்கப்பட்டன, பெரும்பாலானவை ஏற்கப்படவில்லை. 1958இன் முற்பகுதியில், சுமார் 95 நிமிடப் படமாக, இரட்டைக் காட்சியின் துணைப்படமாக அது வெளியிடப்பட்டது. முதன்மைப் படமாக ஓடிய ‘தி ஃபீமேல் அனிமல்’, அதே ஸக்ஸ்மித் தயாரித்து அதே ஹாரி கெல்லர் இயக்கியது என்பது வரலாற்றின் குத்தல். வெல்ஸுக்கு அதன்பின் ஹாலிவுட் ஸ்டுடியோ எதுவும் இயக்கும் வாய்ப்பைத் தரவில்லை.

மறுவாழ்வு

அமெரிக்காவில் பெரிதாகக் கவனிக்கப்படாத படத்தை ஐரோப்பா உடனே அடையாளம் கண்டது. பிரஸ்ஸல்ஸ் நகரில் 1958 உலகக் கண்காட்சியையொட்டி நடந்த விழாவில் அதற்குப் பரிசு கிடைத்தது. அப்போது விமர்சகர்களாயிருந்து விரைவில் இயக்குநர்களாகவிருந்த பிரெஞ்சு இளைஞர்கள் அதைத் தங்களுக்கு முன்மாதிரியாக ஏற்றனர். தனித்த மோட்டல், அதன் நடுக்கம் பிடித்த பணியாள், அங்கே அகப்பட்ட ஜேனட் லீ என்ற சேர்க்கை இரண்டாண்டுகள் கழித்து ஹிட்ச்காக்கின் ‘சைக்கோ’வில் வேறு உருவில் தோன்றியது, இரு படங்களிலும் கலை இயக்கத்தில் பங்குகொண்டவர் ராபர்ட் கிளாட்வர்தி. ராபர்ட் ஆல்ட்மன் ‘தி பிளேயர்’ (1992) படத்தை நீண்ட ஷாட்டில் தொடங்கி, அதற்குள்ளேயே ‘டச் ஆஃப் ஈவில்’ பற்றிப் பாத்திரங்களைப் பேசவைத்தார்.

1970களின் நடுவில், வெளியீட்டுக்கு முன் சோதனைக் காட்சிக்காக உருவாக்கப்பட்ட 108 நிமிடப் பிரதி ஒன்று கிடைத்தது. இதுவே வெல்ஸின் மூல வடிவம் என்று பலர் கொண்டாடினர். ஆனால் வெல்ஸ் எடுத்த காட்சிகள் அதில் கூடுதலாக இருந்ததைப் போலவே கெல்லர் எடுத்தவையும் கூடுதலாக இருந்தன. நீளமே நம்பகத்தன்மை ஆகாது என்பதற்கு அது எடுத்துக்காட்டாயிற்று. 1992இல் ‘ஃபிலிம் குவார்ட்டர்லி’ இதழில் குறிப்பின் பகுதிகள் வெளிவந்தபின்தான், அதைப் பின்பற்றிப் படத்தை மறுபடி தொகுக்கலாம் என்ற எண்ணம் உருப்பெற்றது. தயாரிப்பாளர் ரிக் ஷ்மிட்லின், எடிட்டரும் ஒலியமைப்பாளருமான வால்டர் மர்ச், ஆலோசகராக விமர்சகர் ஜோனதன் ரோஸன்பாம் ஆகியோர் 1998இல் அப்பணியை முடித்தனர். சுமார் 50 மாற்றங்கள் செய்யப்பட்டு 111 நிமிடப் படம் உருவாயிற்று.

அந்தப் பணி வெளிப்படுத்தியவை பல. தெரு இசையை வெளியில் ஓடவிட்டு மறுபதிவு செய்யச்சொன்ன வெல்ஸின் யோசனை, 1970களில் ‘அமெரிக்கன் கிராஃபிட்டி’ போன்ற படங்களுக்காகத் தாம் புதிதாகக் கண்டதாக எண்ணியிருந்த உத்தியே என்பதை மர்ச் கண்டார். மென்ஸிஸின் அண்மை ஷாட்டை நீக்கச்சொன்னதற்கு லென்ஸின் உருச்சிதைவையே வெல்ஸ் காரணமாகக் காட்டியிருந்தார். நீக்கிப் பார்த்தபின், அந்த ஷாட்டில் மென்ஸிஸ் மனமுடைந்துவிட்டதுபோல் தோன்றியதையும், அது இல்லாதபோது அவன் தன் தலைவனிடம் கொண்ட விசுவாசம் கடைசிவரை உறுதியாக நீடித்து, பிறகு செய்யும் துரோகம் எடைமிக்கதாவதையும் மர்ச் உணர்ந்தார். சில நொடி நீளமுள்ள ஒரு ஷாட், ஒரு பாத்திரத்தின் முழு அறவாழ்வையும் தீர்மானித்திருக்கிறது. அதே வேளையில், மான்சினியின் முகப்பு இசையை இழந்ததற்காக வருந்துவோரும் உண்டு. அவர்களின் ரசனையைப் பிழை என்று ஒதுக்கிவிட முடியாது.

1998 வடிவத்தை இயக்குநரின் இறுதி வடிவம் என்று அழைப்பது பொருந்தாது. அப்படியொன்று எக்காலத்திலும் முடிக்கப்படவில்லை. 1985இல் காலமான வெல்ஸ் இதைப் பார்க்கவுமில்லை. தமது அல்லாத ஒரு வடிவத்தைச் சீர்ப்படுத்த அவர் எழுதிய யோசனைகளைப் பிறர் நிறைவேற்றியதே அது. அந்த வரம்பை ஒப்புக்கொண்டால்தான் அதன் மதிப்பும் சரியாகத் தெரியும். 2008இல் மூன்று வடிவங்களும் ஒரே டிவிடி தொகுப்பாக வெளிவந்ததால், ஏறத்தாழ அதே காட்சிகள் வரிசையாலும் ஒலியாலும் மட்டும் எவ்வளவு வேறுபட்ட பொருளைத் தருகின்றன என்பதை எவரும் ஒப்பிட்டுப் பார்க்க முடிகிறது. வேறெந்தச் செவ்வியல் ஹாலிவுட் படத்துக்கும் எளிதில் கிட்டாத வாய்ப்பு இது. 1942இல் ஆர்கேஓ அழித்த நெகட்டிவைப் பற்றி இன்று ஊகிக்கத்தான் முடியும். 1957இல் யுனிவர்சல் மாற்றியதைப் பற்றி, படைத்தவரின் விளக்கமும் மூன்று சான்றுப் பிரதிகளும் கையில் இருக்க, வாதிட முடியும். மறுக்கப்பட்ட ஒரு குறிப்பு நாற்பதாண்டு கழித்துப் பாடநூலானதற்குக் காரணம், அதை எழுதியவர் தம் உரிமையைப் பற்றி வாதிடாமல் தொழிலைப் பற்றி வாதிட்டதே ஆகும்.